அரை மணி என்றால் முப்பத்தைந்து நிமிடம்

சுவரில் பதித்திருந்த ஒலிபெருக்கி ஒரு தடவை தொண்டையைச் செருமிக்கொண்டு, "அரை மணி, எல்லோருக்கும் அரை மணி, நன்றி" என்றது. கண்ணாடிக்கு முன்னால் உட்கார்ந்து இடது புருவத்தை வரைந்துகொண்டிருந்த தங்கம் மாசிலா, கையை நிறுத்தாமல் கடிகாரத்தை மட்டும் ஒரு பார்வை பார்த்துக்கொண்டாள். மத்தியானம் ஒன்று ஐம்பத்தைந்து. இரண்டரைக்குத் திரை உயரும். வெள்ளைக்காரன் நேரம் தவறாதவன் என்று பாளையங்கோட்டையில் இன்னமும் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறவர்கள் ஒருநாளாவது அவனுடைய நாடகக் கொட்டகைக்குப் பின்வாசல் வழியாக வந்து பார்க்க வேண்டும். இங்கே அரை மணி என்றால் முப்பத்தைந்து நிமிடம், கால் மணி என்றால் இருபது, ஐந்து நிமிடம் என்றால் பத்து, ஒவ்வொன்றிலும் ஐந்து நிமிடத்தை ஒளித்து வைத்திருக்கிறார்கள். திரை உயர ஐந்து நிமிடம் இருக்கும்போதே முதல் காட்சிக்காரர்கள் மேடையில் போய் நின்றுவிட வேண்டும், அதற்காக அப்படி. நின்றுகொண்டு அந்த ஐந்து நிமிடம் என்ன செய்வது என்று முதல் வருஷம் அவள் கேட்டாள். பயப்படுவதற்கு, என்றாள் பக்கத்து நாற்காலியில் இருந்த கிழவி. தங்கத்துக்கு அதற்குத் தேவை வந்ததேயில்லை. முப்பத்தெட்டு வருஷமாக அந்த ஐந்து நிமிடத்தில் அவள் செய்வது ஒன்றுதான்: உடுப்பில் குத்தியிருக்கும் பழைய நர்ஸ் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு, மணிக்கட்டில் இரண்டு விரலை வைத்து, பதினைந்து விநாடி தன் நாடியை எண்ணுவாள். பதினெட்டு வரும். பெரிய நடிகர்கள் வாந்தி எடுக்கிறதையும், மூலையில் நின்று சிலுவை போட்டுக்கொள்கிறதையும் பார்த்திருக்கிறாள், அவளுக்குப் பதினெட்டுதான். சென்ற மாதம் லண்டனிலிருந்து பத்திரிகைக்காரர்கள் இந்த வொர்த்திங் கடற்கரை ஊருக்கே ரயிலேறி வந்து முன் வரிசையில் உட்கார்ந்த அன்றைக்கும் பதினெட்டுதான்.

வந்தவர்கள் நன்றாகவும் எழுதிவிட்டுப் போனார்கள். அறுபத்து மூன்று வயதில் முதல் தடவையாக அவள் பெயர் சுவரொட்டியின் மேல்பகுதியில் வரப்போகிறது, நாடகம் மூன்று வாரத்தில் லண்டனுக்குப் போகிறது, அவள் அதில் கடற்கரை விடுதி நடத்துகிற விதவை, திரை உயரும்போது மேடையில் தனியாக உட்கார்ந்து பட்டாணி உரித்துக்கொண்டிருப்பாள், ஒரு முழு நிமிடம் பேச்சே கிடையாது, எண்ணூறு பேர் அவள் பட்டாணி உரிப்பதைப் பார்ப்பார்கள். பார்க்க வைக்க அவளால் முடியும். இதில் அடக்கமாகச் சொல்ல என்ன இருக்கிறது. ஆடத் தெரியாதவள் மேடை கோணல் என்றாளாம்; அவளுக்குக் கோணல் மேடையிலும் ஆடத் தெரியும், ஆடியிருக்கிறாள், பள்ளிக்கூட ஜிம்மில், மாதா கோயில் நிலவறையில், ஒரு தடவை லாரியின் பின்பக்கத்தில். ஆனால் பெயர். இதோ, பத்து நிமிடத்துக்கு முன்னால் மேடை மேலாளர் டெஸ் வந்து சுவரொட்டியின் மாதிரியை மேஜையில் விரித்தான், அவள் பெயர் வரவேண்டிய இடத்தில் வெறும் பென்சில் கோடு. "டாங்கம், ரெண்டரைக்குள்ள அச்சகத்துக்குச் சொல்லியாகணும். லண்டன்காரங்க காலையிலேருந்து மூணு தடவை கூப்பிட்டுட்டாங்க. பழைய பேரா, புதுப் பேரா?" அவள் சிரித்துக்கொண்டே பென்சிலை எடுத்தாள். "புதுப் பேர் இல்ல டெஸ், அதுதான் பழைய பேரு." "எனக்குத் தலை சுத்துது. எதுவா இருந்தாலும் எழுத்துப் பிழையில்லாம எழுதிக் குடுங்க, போதும். அப்புறம் இது, வாசல்ல உங்களுக்குன்னு குடுத்தாங்க" என்று ஒரு பார்சலை வைத்தான். பார்சலின் பின்பக்கத்தில் அனுப்பியவர் பெயர் எழுதியிருந்தது, ரூத் டேனியல் சார்பாக அவர் தங்கை மகன் என்று. எழுதப்போன பென்சில் அப்படியே நின்றுவிட்டது. "முதல் காட்சிக்குக் கூப்பிடறப்போ சொல்றேன்" என்றாள். டெஸ் தலையை ஆட்டிவிட்டுப் போனான். பாவம், நல்லவன்.

ரூத் டேனியல் என்பது தங்கத்தின் சொந்தப் பெயர். அப்பா டேனியல் வாத்தியார் வைத்து, கதீட்ரலில் ஞானஸ்நானம் கொடுத்து, பள்ளிக்கூடப் பதிவேட்டிலும் நர்சிங் சான்றிதழிலும் கப்பலேறாமல் விமானமேறி வந்த பாஸ்போர்ட்டிலும் இருக்கிற பெயர். ஆனால் இந்த நாட்டு நடிகர் சங்கத்தில் ஒரு சட்டம், ஒரே பெயரில் இரண்டு பேர் இருக்கக் கூடாது, முதலில் வந்தவருக்கே பெயர் சொந்தம். எண்பத்தொன்றில் சங்கத்து மேஜைக்கு முன்னால் அவள் போய் நின்றபோது, அங்கிருந்த பெண் ஒரு அட்டைப் பெட்டியைப் புரட்டிவிட்டு, ரூத் டேனியல் ஏற்கெனவே இருக்கிறாரே என்றாள். யார்? வெள்ளைக்காரி, ஐம்பது வயது, நல்ல நடிகை. எட்டு வயதில் அப்பா போட்ட கிறிஸ்துமஸ் நாடகத்தில் சத்திரக்காரன் பெண்டாட்டியாக வந்து, பிள்ளை பெற இடம் தேடி வந்தவர்களிடம் "இடமில்லை" என்று ஒரே வசனம் பேசினவள் தங்கம். அந்த இடமில்லை இவ்வளவு தூரம் துரத்திக்கொண்டு வந்து தன்னிடமே சொல்லப்படும் என்று அன்றைக்கு யார் கண்டது. வேறு பெயர் சொல்லுங்கள், வரிசையில் ஆள் நிற்கிறார்கள், என்றாள் அந்தப் பெண். நடுவில் ஒரு எழுத்தைச் சேர்த்துக்கொள்ளலாமா என்று கேட்டபோது, கூட வந்திருந்த ஏஜெண்டுதான் தடுத்தார். ரூத் டேனியல் என்று கூப்பிட்டுவிட்டு நீ கதவைத் திறந்துகொண்டு வந்தால் அவர்கள் திகைத்துப் போவார்கள், உன் ஊர்ப் பெயராக ஒன்றைச் சொல், உனக்கு வேலை கிடைக்கும். அம்மா பெயர் வாயில் வந்தது. தங்கம். அம்மாவின் அப்பா மாசிலாமணி, அதில் பாதி. தங்கம் மாசிலா. ஒரு நிமிடத்தில் முடிந்துவிட்டது, காபி ஆர்டர் கொடுக்கிற நேரம்கூட ஆகவில்லை. இன்னொரு சீட்டும் எழுதிக் கொடுத்தாள், அந்தப் பெயர் என்றைக்காவது காலியானால் எனக்குத் தெரிவிக்கவும் என்று. அந்தப் பெண் அதைக் கோப்பில் செருகினாள். வெள்ளைக்காரனிடம் வேறு என்ன குறை இருந்தாலும் கோப்பில் செருகியதைத் தொலைக்க மாட்டான். போன மாதம் சங்கத்திலிருந்து கடிதம் வந்தது, திருமதி ரூத் டேனியல் எண்பத்தெட்டாவது வயதில் காலமானார், தாங்கள் விரும்பினால் இனி அந்தப் பெயரைப் பயன்படுத்திக்கொள்ளலாம்.

விரும்பினாலா! ஒரு மனுஷி செத்ததற்குச் சந்தோஷப்படக் கூடாது, அவள் சந்தோஷப்பட்டாள், கர்த்தர் மன்னிக்கட்டும். லண்டன் தெருவில் பஸ்ஸின் பக்கவாட்டில் டேனியல் என்ற பெயர் போகும். கூத்தாடப் போகிறவளுக்கு இந்த வீட்டில் வாசல் கிடையாது, இனிமேல் எனக்குக் கடிதம் போடாதே என்று எழுதின மனுஷனின் பெயர். அவள் போடவில்லை. பதினான்கு வருஷம் அவரும் போடவில்லை, அவளும் போடவில்லை, தொண்ணூற்று நான்கில் அவர் போனபோது அவள் ஸ்காட்லாந்தில் ஊர் ஊராக ஒரு நர்ஸ் வேஷத்தைத் தூக்கிக்கொண்டு சுற்றிக்கொண்டிருந்தாள், தந்தி அவளைத் துரத்திப் பிடித்தபோது அடக்கம் முடிந்து நான்கு நாள். நர்ஸ் வேஷம் என்றால் சிரிப்பு வருகிறது. நர்ஸ் வேலை வேண்டாம் என்று உதறிவிட்டு நடிக்க வந்தவளுக்கு இந்த நாட்டு டெலிவிஷன் ஐம்பத்தோரு தடவை நர்ஸ் உடுப்பையே மாட்டிவிட்டது. ஆஸ்பத்திரியில் இருந்திருந்தால் மேட்ரன் ஆகியிருப்பாள். டெலிவிஷனில் கடைசிவரை நர்ஸ்தான், வசனம் நான்கே நான்கு: டாக்டரைக் கூப்பிடுகிறேன், இரத்த அழுத்தம் இறங்குகிறது, வெளியே காத்திருங்கள், மன்னிக்கவும். ஆனாலும் ஒன்று, அவள் நாடி பிடித்தால் அது நாடி பிடித்ததுதான், ஊசி போட்டால் இயக்குநரே முகத்தைச் சுளிப்பார். உப்புக்குச் சப்பாணி என்று கூப்பிட்டு நிறுத்தினார்கள், அவள் உப்பாகவே இருந்துவிட்டு வந்தாள். நேற்று தம்பி ஜெயசீலனிடம் போனில் சொன்னாள். "யக்கா, நெசமாவே அப்பா பேர போடப் போறியா?" "ஏன்ல, என் பேரு இல்லியா அது?" "இல்ல, அதுக்கில்ல. அப்பா இருந்தா..." "அப்பா இருந்தா கிழிச்சிருப்பாரு." "அப்படிச் சொல்லாதக்கா. ஒனக்கு ஒண்ணு சொல்லணும்னு ரொம்ப நாளா..." "என்னல?" "ஒண்ணுமில்ல, விடு. நீ நல்லாப் பண்ணு." மஸ்கட்டில் முப்பது வருஷம் இருந்தும் அவன் பேச்சு மாறவில்லை, பேச்சை முழுங்குகிற பழக்கமும் மாறவில்லை.

"கால் மணி, கால் மணி அழைப்பு, நன்றி." வலது புருவம் இன்னும் பாக்கி. பார்சல் மேஜையில் இருக்கிறது. அதைத் திறக்காமலேயே அவள் மனது அதைச் சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருந்தது, நாய் புது ஆளைச் சுற்றுகிற மாதிரி. ஏனென்றால் அந்த அம்மாளை அவள் ஒரு தடவை பார்த்திருக்கிறாள். எண்பத்தொன்பதில், ஒரு டெலிவிஷன் படப்பிடிப்பில், ரூத் டேனியல் கட்டிலில் படுத்திருக்கிற நோயாளி, தங்கம் பக்கத்தில் நிற்கிற நர்ஸ், வேறென்ன. விளக்கு சரி செய்கிற இருபது நிமிடம் இரண்டு பேரும் அப்படியே இருக்க வேண்டியிருந்தது. வெள்ளை முடி, நீல நரம்பு தெரிகிற மெலிந்த கை, குரல் மட்டும் வெண்கலம். என் பெயரைப் போர்த்திக்கொண்டு படுத்திருக்கிறாளே என்று தங்கம் நினைத்தாள், நினைத்ததைச் சொல்லவில்லை, இந்தப் பெயர் என்னுடையதும்தான் என்று சொல்ல மானம் இடம் கொடுக்கவில்லை. அந்த அம்மாள்தான் தலையணையிலிருந்து முகத்தைத் திருப்பி, கொஞ்சம் கூச்சத்தோடு கேட்டாள்: "தப்பா எடுத்துக்காதீங்க, என்கிட்ட சில கடிதங்கள் இருக்கு. இந்தியாவிலேருந்து வந்தது. நீங்க பார்த்துச் சொல்ல முடியுமா?" முடியுமாவாம். அந்த வாரம் மட்டும் மூன்று பேர் அவளிடம் அப்படிக் கேட்டிருந்தார்கள். கடைக்காரர் பஞ்சாபியில் எழுதின போர்டைக் காட்டிக் கேட்டார், அடுத்த வீட்டுக்காரி பாகிஸ்தான் கடிதத்தைக் காட்டிக் கேட்டாள், தபால்காரன்கூடக் கேட்டான், பழுப்பாக எது இருந்தாலும் அவளுக்குப் புரியும் என்று எல்லோருக்கும் ஒரு நம்பிக்கை. "எங்க நாட்டுல நூறு பாஷை இருக்கு அம்மா. எல்லாத்தையும் என்னால படிக்க முடியாது" என்றாள், இனிமையாகத்தான் சொன்னாள், கத்தியில் தேன் தடவின இனிமை. எந்த பாஷை என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. அந்த அம்மாள் சிவந்துபோய், மன்னியுங்கள் என்றாள். விளக்கு தயாராகிவிட்டது. தங்கம் அவள் மணிக்கட்டில் இரண்டு விரலை வைத்து, இரத்த அழுத்தம் இறங்குகிறது என்றாள்.

சரி, திறந்தால்தான் என்ன. புருவத்தை முடித்துவிட்டு ஈரத்துணியில் விரலைத் துடைத்து, பார்சலைக் கிழித்தாள். பிஸ்கட் டின். மூடியில் ஒரு துண்டுக் காகிதம் ஒட்டியிருந்தது, கோழி கிளறின மாதிரி வயதானவர் கையெழுத்து: தங்கம் மாசிலாவிடம் இன்னொரு முறை கேட்டுப் பார். டின்னுக்குள் நீல ஏர் லெட்டர்கள், ரப்பர் பேண்டு போட்டு, ஏழு. முகவரியைப் பார்த்ததுமே யார் எழுத்து என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. கரும்பலகையில் நாற்பது வருஷம் எழுதின கை, ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக நிற்கும், ரூத் டேனியல், நாடக நடிகை, கீழே லண்டனில் ஏதோ ஒரு தியேட்டரின் பெயர். பின்பக்கம் எ. டேனியல், ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், பாளையங்கோட்டை. டின்னை மூடப் போனாள். வேண்டாம், இப்போது வேண்டாம், நாடகம் முடிந்தபிறகு பார்த்துக்கொள்ளலாம், முகத்தில் மை போட்டிருக்கிறது. ஆனால் கை அடியிலிருந்த கடிதத்தை உருவிவிட்டது, எண்பத்து நான்கு, மார்ச். அன்புள்ள ரூத்துக்கு, கர்த்தருடைய கிருபையால் நானும் ஜெயசீலனும் சுகம். நீயும் சுகமாயிருக்க ஜெபிக்கிறேன். கல்லூரி முதல்வர் துரை அவர்கள் லண்டன் பத்திரிகை ஒன்றைக் கொடுத்தார்கள். அதில் உன் நாடகத்தைப் பற்றி, ரூத் டேனியல் மேடைக்கு வந்தவுடன் மற்றவர்கள் மங்கிப்போகிறார்கள் என்று போட்டிருக்கிறது. நீ செய்த காரியம் எனக்குப் பிடிக்கவில்லை. இப்பொழுதும் பிடிக்கவில்லை. ஆனால் செய்ததை நன்றாய்ச் செய்திருக்கிறாய் என்று தெரிகிறது. அந்தக் காகிதத்தை வெட்டி வேதாகமத்துக்குள் வைத்திருக்கிறேன்.

அவளுக்கு முதலில் வந்தது கோபம். கோபம் என்றால் சாதாரணக் கோபமில்லை, எழுந்து அந்த டின்னைக் கடலில் எறிந்துவிட்டு வரலாமா என்கிற கோபம். பிறந்ததிலிருந்து அவர் வாயால் நன்று என்று ஒரு வார்த்தை கேட்டதில்லை, கேட்க வந்த அந்த ஒரே வார்த்தையும் வேறொருத்திக்குப் போய்ச் சேர்ந்திருக்கிறது, அதுவும் வேறொருத்தி நடித்ததற்கு. எண்பத்து நான்கு மார்ச்சில் அவள் எங்கே இருந்தாள்? லீட்ஸில் ஒரு குழந்தைகள் நாடகத்தில் ஒட்டகத்தின் பின்பாதி. நெஞ்சில் கை வைத்துச் சொல்கிறாள், பின்பாதி. யாரும் அவளுக்கு முன்னால் மங்கிப்போகவில்லை, முன்பாதிக்காரனுக்கு மட்டும் மூச்சு முட்டியது. அப்படியானால் மனுஷன் சாகும்வரை அந்த வெள்ளைக்காரியை மகள் என்று நினைத்துக்கொண்டே இருந்தாரா? வேதாகமத்துக்குள் அந்தக் காகிதத்தை வைத்துக்கொண்டே போய்ச் சேர்ந்தாரா? பயம் இப்போதுதான் வந்தது. எதற்குப் பயம் என்று அவளே தன்னை அதட்டினாள், செத்துப்போய் இருபத்தைந்து வருஷமான மனுஷன் இனி என்ன செய்துவிட முடியும். செய்ய முடியும். பெருமைப்பட்டது உன்னைப் பற்றியில்லை என்று சொல்லிவிட முடியும். அப்படியானால் அந்தப் பெயரை இப்போது கட்டாயம் எடுத்துக்கொள்ள வேண்டும், பெரிய எழுத்தில் போட வேண்டும், அவர் வெட்டி வைத்த காகிதத்தை இத்தனை வருஷம் கழித்தாவது உண்மையாக்கிவிட வேண்டும். பென்சிலை எடுத்தாள். கோட்டின் மேல் முனையை வைத்தாள். அந்தக் கடிதத்துக்கு அந்த அம்மாள் பதில் எழுதியிருப்பாளா? எழுதியிருப்பாள், வந்த எந்தக் கடிதத்துக்கும் பதில் எழுதாமல் இருக்கிற ஜாதியில்லை அது. அழகான இங்கிலீஷில், தங்கள் அன்பான கடிதத்துக்கு நன்றி என்று. சொந்தக் கையெழுத்தில். அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. நாற்பது வருஷம் பிள்ளைகளின் நோட்டைத் திருத்தின மனுஷன். பெயர் எழுத மறந்த நோட்டைக்கூடக் கையெழுத்தை வைத்தே யாருடையது என்று சொல்லி அடிப்பார். மகள் கையெழுத்து அவருக்குத் தெரியாதா?

"ஐந்து நிமிடம், ஐந்து நிமிட அழைப்பு, நன்றி." அதாவது பத்து. விடுதிக்கார விதவையின் ஏப்ரனைக் கட்டிக்கொண்டாள், கடிகாரத்தைக் குத்திக்கொண்டாள், நின்றபடியே கட்டின் மேலே இருந்த கடைசிக் கடிதத்தைப் பிரித்தாள். எண்பத்தெட்டு, நவம்பர். எழுத்து கொஞ்சம் பெரிதாகியிருந்தது, கண் மங்கியிருக்கும். மதிப்பிற்குரிய அம்மையாருக்கு, என்று ஆரம்பித்திருந்தார். மதிப்பிற்குரிய அம்மையாருக்கு, இது என் ஏழாவது கடிதம். நீங்கள் என் மகள் அல்ல என்பது உங்கள் முதல் பதிலிலேயே எனக்குத் தெரிந்துபோயிற்று. உங்களுக்குத் தமிழ் தெரியாது என்பதும் தெரியும். தெரிந்தேதான் தமிழில் எழுதிவருகிறேன். என் மகளுக்கு எழுதினால் அவள் படித்துவிடுவாள். அவள் விலாசம் ஜெயசீலனிடம் இருக்கிறது. எத்தனையோ தடவை உட்கார்ந்து, அன்புள்ள ரூத்துக்கு என்று எழுதிவிட்டேன், இரண்டாவது வரியில் கோபம் வந்து நின்றுகொள்கிறது. உங்களுக்கு எழுதினால் அது வருவதில்லை. நிற்க. தங்கம் நிற்கத்தான் செய்தாள், ஒரு கையால் நாற்காலி முதுகைப் பிடித்துக்கொண்டு. போன வாரம் ஜெயசீலன் மஸ்கட்டிலிருந்து வந்தபோது ஒரு வீடியோ கேசட் கொண்டுவந்தான். உங்கள் நாட்டு ஆஸ்பத்திரிக் கதை. நான் பார்த்ததை அக்காளிடம் சொல்லக்கூடாது என்று அவனிடம் சத்தியம் வாங்கியிருக்கிறேன், சத்தியம் பண்ணவேண்டாம் என்று வேதம் சொல்லியும் வாங்கினேன். அதில் ஒரு நர்ஸ் வந்தாள். துணியால் முகத்தை மூடியிருந்தபடியால் முதலில் எனக்கு அடையாளம் தெரியவில்லை, கையைப் பார்த்துத்தான் தெரிந்தது. இங்கே படங்களில் நர்ஸ் வேஷம் போடுகிறவர்கள் கட்டைவிரலால் நாடி பிடிக்கிறார்கள், அதில் பிடிக்கிறவளின் நாடிதான் தெரியும். என் மகள் இரண்டு விரலால் சரியாய்ப் பிடித்தாள். பொய் வேலையை உண்மையாய்ச் செய்தாள்.

கண்ணில் நீர் முட்டியது. நடிகை அழுதால் தலையை மேலே தூக்கி அழுவாள், மை வழியாது. அவள் உத்தரத்தைப் பார்த்துக்கொண்டு நின்று, காகிதக் கைக்குட்டையின் முனையால் இரண்டு ஓரத்தையும் ஒற்றிக்கொண்டு, மறுபடி குனிந்தாள். கடைசியில் பெயர்கள் ஓடின. தங்கம் மாசிலா என்று வந்தது. நிறுத்தச் சொன்னேன். அது என் மனைவியின் பெயர். அவள் போய் இருபது வருஷம் ஆகிறது. அவள் பெயரை நான் அச்சில் பார்த்தது ஒன்று எங்கள் கலியாணப் பத்திரிகையில், ஒன்று அவள் கல்லறையில். இது மூன்றாவது தடவை. ஆறு தரம் திருப்பிப் போடச் சொல்லிப் பார்த்தேன். நான் வைத்த பெயரை வேண்டாமென்று போட்டுவிட்டாளே என்று எனக்கு வருத்தம் வந்திருக்கவேண்டும், வரவில்லை. அந்தப் பெயர் உங்களிடம் இருக்கிறது. நீங்கள் அதை நல்ல பெயராய் வைத்திருக்கிறீர்கள், பத்திரிகையில் பார்க்கிறேன். உங்களிடமே இருக்கட்டும். என்றாவது அவளைச் சந்தித்தால், இந்தக் கடிதங்களை அவளிடம் காட்டுங்கள். நான் காட்டச் சொன்னதாகச் சொல்லவேண்டாம். இப்படிக்கு, எ. டேனியல். எண்பத்தெட்டு நவம்பர். அந்த அம்மாள் தலையணையில் முகத்தைத் திருப்பிக் கேட்டது எண்பத்தொன்பது பிப்ரவரியில். அதற்கப்புறம் அவர் ஐந்து வருஷம் உயிரோடு இருந்தார். ஐந்து முழு வருஷம். எந்த பாஷை என்று ஒரு வார்த்தை. இந்த வலி இனிப் போகாது என்று அவளுக்கு நிச்சயமாகத் தெரிந்தது, மூட்டுவலி மாதிரி கூடவே இருக்கும், குளிர்காலத்தில் கூடும். இருக்கட்டும். அவர் காட்டச் சொன்னார், அந்த அம்மாள் படிக்கத் தெரியாமலேயே சொன்னதைச் செய்தாள், ஒரு தடவை கேட்டு அவமானப்பட்டும், இன்னொரு முறை கேள் என்று எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறாள். தங்கம் ஏழு கடிதத்தையும் பழையபடி அடுக்கி ரப்பர் பேண்டைப் போட்டாள். நடுவில் இன்னும் ஐந்து இருக்கிறது, ராத்திரிக்கு வேண்டாம், நாளைக் காலையில், வெளிச்சத்தில், ஜெயசீலனைப் போனில் வைத்துக்கொண்டு, சத்தமாக. படுபாவி, முப்பது வருஷம் சத்தியத்தைக் காப்பாற்றியிருக்கிறான்.

"முதல் காட்சிக்காரர்கள் மேடைக்கு. மிஸ் மாசிலா, மேடைக்கு, நன்றி." ஒலிபெருக்கியில் அந்தப் பெயர் வந்தபோது அவள் அதை முதல் தடவையாகக் கேட்கிற மாதிரி கேட்டாள். முப்பத்தெட்டு வருஷம், ஒரு நாளைக்கு ஒரு தடவை, இரண்டு காட்சியுள்ள நாளில் இரண்டு தடவை, அம்மாவை மேடைக்குக் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறார்கள். படிக்கட்டில் இறங்கி, திரைக்குப் பின்னால் இருட்டில் நடந்து, நாற்காலியில் உட்கார்ந்து, மடியில் பட்டாணிக் கிண்ணத்தை வைத்துக்கொண்டாள். திரைக்கு அந்தப் பக்கம் எண்ணூறு பேர் இருமினார்கள், மிட்டாய்க் காகிதம் பிரித்தார்கள். டெஸ் குனிந்தபடி ஓடி வந்து சுவரொட்டியையும் சின்ன டார்ச்சையும் நீட்டினான். "அவங்க லைன்ல இருக்காங்க." அவள் பென்சிலை வாங்கி, ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக நிற்க, எழுதிக் கொடுத்தாள். டெஸ் வெளிச்சத்தில் படித்தான், நிமிர்ந்தான். "டாங்கம் மாசிலாதானா? அப்போ அந்த ரூத் டேனியல் யாரு?"

"என்னைவிட நல்லா நடிச்ச ஒரு அம்மா" என்றாள். "எங்கப்பா சொல்லியிருக்காரு."

அவன் போய்விட்டான். கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு மணிக்கட்டில் இரண்டு விரலை வைத்தாள். பதினைந்து விநாடிக்கு இருபத்து நான்கு வந்தது. பரவாயில்லை, இன்னும் மூன்று நிமிடம் இருக்கிறது. அவள் விரலை எடுக்காமல் உட்கார்ந்திருந்தாள்.